கேஸ்கட் புராணம்

இந்தப் பதிவு டிஷ்வாஷர் கதவைச் சுற்றி இருக்கிற ரப்பர் பட்டையைப் பற்றி. சிரிக்காதீங்க. விரல் தடிமன்கூட இல்லாத அந்தப் பட்டைக்குப் பின்னால் ஒரு சரித்திரம் இருக்கிறது. அது திருமலை மண் ஓட்டில் தொடங்கி மலாயா ரப்பர் தோட்டம் வழியாக உங்கள் வீட்டு சமையலறை வரை வருகிறது. மெஷின் அடியில் நாலு சொட்டு தண்ணீர் தேங்கினால் போதும், "வாங்கி எட்டு வருஷம் ஆச்சு, தூக்கிப் போட்டுட்டுப் புதுசு வாங்கிடலாம்" என்று சொல்கிற வீடுகள் நம்மில் நிறைய. கடைக்குக் கிளம்பும் முன் இதை ஒரு தடவை படித்துவிடுங்கள்.

நான் படித்தது பி.காம்., பார்ப்பது பாங்க் உத்தியோகம். எஞ்சினியர் இல்லை, ஆனால் கணக்குப் பார்க்கத் தெரியும். மெஷின் வாங்கினால் மூலதனச் செலவு, ரிப்பேர் செய்தால் வருவாய்ச் செலவு என்று முதல் வருஷமே சொல்லித் தந்துவிடுவார்கள். இரண்டுக்கும் நடுவில் இருக்கிற ஒரு விஷயம் எந்தப் பேரேட்டிலும் வராது. பெரிய சாமானின் ஆயுள் அதில் தேய்கிற ஒரு சின்னப் பாகத்தைப் பொறுத்தது. அந்தப் பாகம் மலிவாகக் கிடைத்து, மாற்றித் தர ஆளும் இருந்தால் சாமான் பிழைக்கும். இல்லாவிட்டால் குப்பை. நம்ம ஊர் அடுக்களையின் சரித்திரத்தை இந்தக் கண்ணால் பார்த்தால் நிறைய விஷயம் புரிகிறது.

கழுவவே வேண்டாத பானை

எனக்குச் சொந்த ஊர் சித்தூர். "அது ஆந்திரா ஆச்சே, நீங்க எப்படித் தமிழ்?" என்று இங்கே கேட்காதவர் இல்லை. வட ஆற்காடு மாவட்டத்துக்கு 1911 வரை தலைநகரே சித்தூர்தான். அந்த வருஷம் ஏப்ரல் 1ஆம் தேதி தனி மாவட்டம் ஆனது. 1953இல் ஆந்திர மாநிலத்தோடு போனது. எல்லைத் தகராறு தீர்ந்து 1960இல் திருத்தணி சென்னை மாநிலத்துக்குத் திரும்பியது, நாங்கள் அந்தப் பக்கமே நின்றுவிட்டோம். 2022இல் திருப்பதியும் தனி மாவட்டமாகப் பிரிந்தது. எங்கள் தெருவில் பாதி வீட்டில் தமிழ், பாதி வீட்டில் தெலுங்கு, எல்லா வீட்டிலும் புளி. (புளிக்கு இந்தக் கதையில் பெரிய வேஷம் உண்டு, ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்.)

திருமலையில் பெருமாளுக்குத் தங்கமும் வெள்ளியுமாகப் பாத்திரங்களுக்குக் குறைவில்லை. ஆனாலும் தினமும் தயிர் சாதம் புது மண் ஓட்டில்தான் நைவேத்தியம் ஆகிறது. அன்றைக்கு எடுத்த ஓடு மறுநாள் வராது. குரும்பறுத்த நம்பி என்கிற குயவரின் கதையை இதோடு சேர்த்துச் சொல்வார்கள். தொண்டைமான் ராஜா தங்கப் பூவால் அர்ச்சனை செய்துவிட்டுப் போனால், மறுநாள் அங்கே குயவர் வீட்டில் சாத்திய மண் பூ இருக்குமாம்.

கதையில் பக்தி இருக்கட்டும், கொஞ்சம் கணக்கையும் பாருங்கள். ஒரு தடவை புழங்கிய மண்ணைத் தேய்த்துச் சுத்தம் செய்ய முடியாது, எண்ணெயும் புளிப்பும் உள்ளே இறங்கிவிடும். அதனால் பானையையே மாற்றிவிடுகிறார்கள். இலையும் அப்படித்தான். வாழை இலை, தையல் இலை எதையும் கழுவுவதில்லை. இங்கே தேய்கிற பாகமும் முழுப் பாத்திரமும் ஒன்றே. கொடுக்கிறவர் குயவர். அவர் சக்கரம் நின்றால் எல்லாம் நின்றது.

ஈயம் பூசுறதேய்!

இப்போது கொஞ்சம் கொசுவத்தி சுத்திக்கொள்கிறேன். சின்ன வயசில் எங்கள் தெருவுக்கு ஈயம் பூசுகிறவர் வருவார். வேப்ப மரத்தடியில் குழி தோண்டி, கரி போட்டு, துருத்தி வைத்து உட்கார்ந்துவிட்டால் அன்றைக்கு முழுக்க எங்களுக்கு வேடிக்கை. பித்தளை அண்டா சூடேறியதும் நவச்சாரத்தூளைத் தூவுவார், குபுக்கென்று வெள்ளைப் புகை வரும். ஈயத்தைத் தொட்டு, துணியால் ஒரே சுழற்று. கறுத்துக் கிடந்த உள்பக்கம் வெள்ளி மாதிரி ஆகிவிடும்.

அது அழகுக்காக இல்லை. பித்தளையில் செம்பு இருக்கிறது. புளி விட்ட சாறு அதில் நேராகப் பட்டால் செம்பு கரைந்து களிம்பு ஏறும், சாப்பாடு விஷமாகும். நடுவில் நிற்கிற மெல்லிய வெள்ளீயப் பூச்சுதான் வீட்டைக் காப்பாற்றியது. அது தேயும், தேய்ந்தால் திரும்பப் பூச வேண்டும். அண்டா கொள்ளுப்பாட்டி சீதனமாகக் கொண்டுவந்தது, பூச்சு மட்டும் போன வருஷத்தது! நாலு தலைமுறை ஒரே அண்டாவில் சமைத்த ரகசியம் இதுதான்.

கழுவுவது தனி அத்தியாயம். எங்கள் அவ்வா கிணற்றடியில் சாம்பலும் புளியும் தேங்காய் நாரும் வைத்துக்கொண்டு உட்காருவாள். சாம்பலில் காரம் இருக்கிறது, எண்ணெய்ப் பிசுக்கோடு சேர்ந்தால் சோப்பு மாதிரி வேலை செய்யும். புளியில் இருக்கிற டார்டாரிக் அமிலம் பித்தளையின் கறுப்பைக் கரைக்கும். ஆக, பாத்திரத்தைக் கெடுப்பதும் புளி, துலக்குவதும் புளி. இதில் தேய்ந்தது பாத்திரம் மட்டும் இல்லை. அவ்வாவின் விரல் நுனியில் ரேகையே கிடையாது. வேலைக்கு வந்த அம்மாவுக்கு விரல் இடுக்கில் எப்போதும் சேற்றுப்புண். அந்தத் தேய்மானத்துக்கு மாற்றுப் பாகம் எந்தச் சந்தையிலும் விற்கவில்லை.

பிறகு எவர்சில்வர் வந்தது. ஈயம் பூச வேண்டாம், புளி பட்டாலும் கவலை இல்லை. பழைய பித்தளையை எடைக்குப் போட்டுப் புது டபரா வாங்கினார்கள். சில வருஷங்களில் ஈயம் பூசுகிறவர் தெருவுக்கு வருவது நின்றுபோனது. எங்கே போனார் என்று யாரும் விசாரித்ததாக நினைவில்லை.

வாஷர் போய் கேஸ்கட் வந்தது

எவர்சில்வர் காலத்தில் தேய்கிற பாகம் வேறு இடத்துக்குப் போனது. ஸ்வீடனில் ஃப்ரான்ஸ் லிண்ட்குவிஸ்ட் 1892இல் கொண்டுவந்த பிரைமஸ் வகை ஸ்டவ் நம் வீடுகளில் 'பம்ப் ஸ்டவ்' ஆனது. அதன் உயிர் பம்புக்குள் இருந்த தோல் வாஷரில். அது காய்ந்து சுருங்கினால் காற்று நிற்காது. இரண்டு சொட்டு எண்ணெய் விடுவோம், அப்படியும் முடியாவிட்டால் புது வாஷர். சில்லறைக் காசில் வேலை முடிந்தது.

1959இல் இந்தியாவில் பிரஷர் குக்கர் காலம் பிறந்தது. டி.டி.கே. குழுமத்தின் பிரெஸ்டீஜ், பம்பாயின் ஹாக்கின்ஸ் இரண்டும் அந்த வருஷத்துக் கணக்குதான். ஆவியை உள்ளே நிறுத்துகிற வேலை மூடியைச் சுற்றிய ரப்பர் வளையத்துக்கு. 'கேஸ்கட்' தமிழ்ச் சொல்லாகவே ஆகிப்போனது அப்போதுதான்.

மாற்றுப் பாகம் கிடைத்தால் மட்டும் போதாது, சரியான பாகம் கிடைக்க வேண்டும் என்பதையும் குக்கர்தான் சொல்லிக்கொடுத்தது. பிரெஸ்டீஜ் குக்கர்கள் சில இடங்களில் வெடிக்கிறது என்று புகார் வந்தபோது டி.டி. ஜகந்நாதன் (2025இல் காலமானார்) காரணத்தைத் தேடிப் போனார். கடைகளில் விற்ற போலி சேஃப்டி பிளக்தான் வில்லன். சூடு எல்லை மீறினால் உருக வேண்டிய பிளக் உருகவில்லை. போலியை ஒழிப்பது நடக்காத காரியம் என்று தெரிந்து மூடியின் ஓரத்தில் ஒரு சின்னத் திறப்பு வைத்தார். அழுத்தம் கூடினால் கேஸ்கட் அந்த வழியாகப் பிதுங்கி ஆவியை வெளியே விட்டுவிடும். உங்கள் பிரெஸ்டீஜ் மூடியைத் திருப்பிப் பாருங்கள், அந்த வெட்டு தெரியும். தேய்கிற பாகத்தையே உயிர் காக்கிற பாகமாக ஆக்கின வேலை அது.

ஆவி என்றதும் திருமலை ஞாபகம் வரும். நித்திய அன்னதானம் 1985இல் தொடங்கியது. 2002இல் சூரிய வெப்பத்தில் ஆவி தயாரித்து தினம் 15,000 பேருக்குச் சமைக்கிற ஏற்பாட்டை அங்கே அமைத்தார்கள். கொதிகலன், குழாய், வால்வு என்று எத்தனை இணைப்பு இருக்கும்! ஒவ்வொரு இணைப்பிலும் ஒரு கேஸ்கட் உட்கார்ந்தாக வேண்டும். ஓட்டில் தயிர் சாதம் ஏறுகிற அதே மலையில்தான்.

அந்த ரப்பர் யார் வடித்த பால்?

இந்த இடத்தில் கொஞ்சம் நிதானமாகப் போகலாம், ஏனென்றால் இது நம் கதை. வெளிநாட்டுக்கு வந்த தமிழர் கதை.

வெறும் ரப்பர் வெயிலில் பிசுபிசுக்கும், குளிரில் விறைக்கும். கந்தகம் சேர்த்துச் சூடாக்கினால் உறுதிப்படும் என்று சார்லஸ் குட்இயர் 1839இல் கண்டுபிடித்தார், 1844இல் காப்புரிமை வாங்கினார். கேஸ்கட் என்கிற பொருள் உருப்படியானது அதற்குப் பிறகே. 1876இல் ஹென்றி விக்ஹாம் பிரேசிலிலிருந்து விதை கொண்டுபோய் லண்டன் கியூ தோட்டத்தில் சேர்த்தார். அங்கே முளைத்த கன்றுகள் இலங்கைக்கும் சிங்கப்பூருக்கும் வந்தன. இருபதாம் நூற்றாண்டு பிறந்ததும் மலாயா முழுக்க ரப்பர் காடு.

பால் வெட்ட ஆள்? சென்னை மாகாணத்திலிருந்துதான். வட ஆற்காடு, சேலம், திருச்சி, தஞ்சாவூர் ஜில்லாக்களில் கங்காணிகள் ஆள் பிடித்தார்கள். ஆவடியிலும் நாகப்பட்டினத்திலும் முகாம் வைத்துக் கப்பல் ஏற்றினார்கள். ஒப்பந்தக் கூலி முறை 1910இல் ஒழிந்தது. கங்காணி முறை 1938இல் இந்திய அரசு தடை போடும் வரை ஓடியது. விடியும் முன்னே கத்தியோடு கிளம்பி, நூற்றுக்கணக்கான மரம் வெட்டி, பால் வாளி சுமந்து திரும்பினார்கள். உலகத்தின் டயரும் கேஸ்கட்டும் அவர்கள் கையில் தொடங்கின.

1942 பிப்ரவரி 15இல் சிங்கப்பூர் ஜப்பானிடம் விழுந்தது. அமெரிக்காவுக்கு ரப்பர் வரத்து பெருமளவு நின்றது. விளைவு இரண்டு. அமெரிக்கா அவசர அவசரமாகச் செயற்கை ரப்பர் தொழிற்சாலைகளைக் கட்டியது. மலாயாவிலோ வேலை இல்லாமல் நின்ற தோட்டத் தமிழர்களை ஜப்பானியர்கள் சயாம்–பர்மா ரயில்பாதை போடக் கொண்டுபோனார்கள். 415 கிலோமீட்டர் பாதை 1943 அக்டோபரில் முடிந்தது. காலராவிலும் பசியிலும் அடியிலும் பல்லாயிரம் தமிழர் அங்கேயே மாண்டார்கள். வெள்ளைக்காரப் போர்க்கைதிகளுக்குக் கல்லறைத் தோட்டம் இருக்கிறது, ஹாலிவுட் படம் இருக்கிறது. நம்மவர்களில் பெரும்பாலோருக்குப் பேர் எழுதின கல்கூட இல்லை.

இன்றைக்கு டிஷ்வாஷர் கதவில் இருப்பது பெரும்பாலும் ஈபிடிஎம் என்கிற செயற்கை ரப்பர். இத்தாலிய வேதியியலாளர் ஜூலியோ நாட்டாவின் ஆராய்ச்சியில் பிறந்து 1960களில் சந்தைக்கு வந்தது. வெந்நீரையும் டிடர்ஜென்ட் காரத்தையும் நன்றாகத் தாங்கும். இதற்குத் தோட்டத்துப் பால் வேண்டாம். ஆனாலும் ரப்பரைத் தொழிற்சாலையில் பெருவாரியாகச் செய்யலாம் என்று அமெரிக்கா துணிந்தது 1942இல், அதன் மறுபக்கத்தில் செத்தவர்கள் நம் ஜனங்கள். பட்டையைக் கையில் எடுக்கும்போது இது நினைவில் இருந்தால் நல்லது.

இன்னொரு வேடிக்கை. ரப்பர் வேலைக்காக வட ஆற்காட்டு ஜனம் ஒரு காலத்தில் கப்பல் ஏறியது. 2020இல் பழைய சித்தூர் மாவட்டத்துச் சின்னபாண்டூரிலேயே அப்போலோ டயர்ஸ் ஆலை உற்பத்தியைத் தொடங்கியது. பக்கத்து ஸ்ரீசிட்டியில் ஃப்ரிட்ஜும் வாஷிங் மெஷினும் செய்ய எல்.ஜி. 2025 மே மாதம் அடிக்கல் நாட்டியது. கதவு வைத்த மெஷினும் ரப்பரும் எங்கள் ஊருக்கே வந்துவிட்டன.

கதவு வைத்தவர்கள்

பாத்திரம் கழுவும் மெஷினை உருப்படியாகச் செய்தவர் ஜோசபின் காக்ரன். அமெரிக்காவின் இல்லினாய் மாநிலத்துப் பெண்மணி. பீங்கான் தட்டுகளை வேலைக்காரர்கள் உடைக்கிறார்களே என்கிற எரிச்சலில் யோசனை பிறந்தது என்பார்கள். 1883இல் கணவர் கடனை வைத்துவிட்டு இறந்துபோக, யோசனையே பிழைப்பானது. வீட்டுக் கொட்டகையில் ஒரு மெக்கானிக்கை வைத்துக்கொண்டு செய்தார். 1886 டிசம்பர் 28இல் காப்புரிமை. 1893 சிகாகோ உலகக் கண்காட்சியில் (நம் விவேகானந்தர் பேசின அதே வருஷம், அதே ஊர்) பரிசு. வாங்கியது ஓட்டல்களும் ஆஸ்பத்திரிகளும்தான், வீடுகள் இல்லை.

1924இல் இங்கிலாந்தின் வில்லியம் லிவன்ஸ் வடிவமைத்த மெஷினில் முன்பக்கக் கதவு, கம்பித் தட்டு, சுழலும் தெளிப்பான் எல்லாம் இருந்தன. இன்றைய மெஷினின் ஜாடை அப்போதே வந்துவிட்டது. மேலே மூடி வைத்தால் ஒழுகாது. முன்னால் கதவு வைத்தால் சீல் வேண்டும். குனியாமல் பாத்திரம் அடுக்கும் சௌகரியத்துக்குக் கொடுத்த விலை இந்த ரப்பர் பட்டை. காக்ரன் கம்பெனியை வாங்கின ஹோபார்ட், 1949இல் கிச்சன்எய்ட் பெயரில் வீட்டு மெஷின் விற்றது. இந்தியாவில் டிஷ்வாஷருக்கு நிஜமான கிராக்கி வந்தது 2020 ஊரடங்கில். வேலைக்கு வருகிற அம்மா வர முடியாமல் போன பிறகுதான், அவர் செய்த வேலை எவ்வளவு என்று பல வீடுகளுக்குத் தெரிந்தது.

சரி, மாற்றுவது எப்படி?

முதலில் கசிவு எங்கே என்று பாருங்கள். கழுவும்போது உள்ளே தண்ணீர் கதவு உயரத்துக்கு நிற்பதில்லை. அடியில் கொஞ்சம் தேங்கி, மேலே தெளிக்கப்படுகிறது. சீல் தடுப்பது தெளிப்பைத்தான்.

கதவின் கீழ் மூலையிலோ பக்கவாட்டிலோ ஈரம் என்றால் சீல் மேல் சந்தேகப்படலாம். நடுவில் நுரையோடு வந்தால் யாரோ கையால் தேய்க்கிற சோப்பை ஊற்றியிருக்கிறார்கள். (எங்கள் வீட்டில் அந்த யாரோ நான் இல்லை, தங்கமணியும் இல்லையாம். விசாரணை தொடர்கிறது.) மெஷின் முன்பக்கம் சாய்ந்திருந்தாலும், தெளிப்புக் கையில் விரிசல் இருந்தாலும் ஒழுகும். இதையெல்லாம் பார்த்த பிறகே ரப்பருக்கு வாருங்கள்.

கதவைத் திறந்து பட்டையை விரலால் அழுத்துங்கள். மெத்தென்று திரும்பி எழுந்தால் நல்லது, துடைத்தால் போதும். விறைத்தோ, தட்டையாகவோ, வெடித்தோ இருந்தால் மாற்ற வேண்டியதுதான். கதவின் ஓரத்தில் ஒட்டியிருக்கிற தகட்டில் மாடல் எண் இருக்கும். அந்த எண்ணுக்கு உரிய சீலையே வாங்குங்கள். "எல்லாத்துக்கும் பொருந்தும்" என்று விற்பதை வாங்க வேண்டாம், குக்கர் பிளக் கதை ஞாபகம் இருக்கட்டும். பல மாடல்களில் இரண்டு துண்டு இருக்கும். இடது, மேல், வலது என்று மூன்று பக்கம் சுற்றி வருவது ஒன்று. கதவின் கீழ் விளிம்பில் இருப்பது இன்னொன்று.

மெயின் ஸ்விட்சை அணையுங்கள், தண்ணீர்க் குழாயை மூடுங்கள். பழைய பட்டையின் ஒரு முனையைப் பிடித்து இழுத்தால் பெரும்பாலும் கையோடு வந்துவிடும். எந்தப் பக்கம் எப்படி உட்கார்ந்திருந்தது என்று முதலிலேயே ஒரு போட்டோ எடுத்துக்கொள்ளுங்கள். காடியில் வருஷக்கணக்கான சாம்பார் இருக்கும். பழைய டூத்பிரஷ், வெந்நீர், கொஞ்சம் வினிகர் போட்டுத் தேய்த்துத் துடையுங்கள்.

புதுப் பட்டை மடிந்து வந்திருக்கும், அதைக் கால் மணி நேரம் வெதுவெதுப்பான நீரில் போட்டால் நெகிழும். அதன் நடுப்புள்ளியை மேல் காடியின் நடுவில் வைத்து அழுத்தி, அங்கிருந்து இரண்டு பக்கமும் கீழே வாருங்கள். இழுத்து நீட்டாதீர்கள், நீட்டினால் பிறகு சுருங்கி மூலையில் இடைவெளி விடும். வழுக்கலுக்குச் சோப்புத் தண்ணீர் போதும். வாசலினோ எண்ணெயோ கூடாது, ஈபிடிஎம் எண்ணெயில் ஊறி உப்பிவிடும். நம் வீட்டு சீல் சீக்கிரம் கெடுவதற்கு அதே காரணம் ஒன்று உண்டு. தாளித்த எண்ணெயும் நெய்யும் பட்டையின் மடிப்பில் தங்கிவிடுகின்றன. வாரம் ஒரு முறை ஈரத்துணியால் துடைத்தால் பட்டை இன்னும் பல நாள் உழைக்கும்.

கதவைச் சாத்திச் சில மணி நேரம் விட்டு, பிறகு காலி மெஷினைச் சின்ன சுற்றில் ஓட்டிப் பாருங்கள். எனக்கு ஆன செலவு 38 டாலர், ஒரு சனிக்கிழமை காலை. புது மெஷினுக்குக் கடையில் சொன்ன விலை 900.

சட்டம் எங்கே வருகிறது?

38 டாலரில் முடிந்தது பாகம் கிடைத்ததால். கிடைக்காவிட்டால் 900தான். ஐரோப்பிய யூனியன் இதைச் சட்டமாகவே எழுதிவிட்டது. 2021 மார்ச் 1 முதல் அங்கே டிஷ்வாஷர் விற்கிறவர்கள், ஒரு மாடலின் கடைசி மெஷினைச் சந்தைக்கு அனுப்பிய பிறகும் 10 வருஷத்துக்குச் சாதாரண ஜனங்களுக்குப் பாகங்கள் கிடைக்கச் செய்ய வேண்டும். கதவு சீல் அந்தப் பட்டியலில் பெயர் சொல்லி இருக்கிறது! இந்தியாவில் பழுதுபார்க்கும் உரிமைக்காக 2022 ஜூலையில் நுகர்வோர் விவகாரத் துறை ஒரு குழு அமைத்தது, அந்த டிசம்பரில் இணையதளம் திறந்தது. வீட்டு உபயோகச் சாதனங்களும் அதில் அடக்கம். ஆனால் பாகத்தை இத்தனை வருஷம் வைத்திருக்க வேண்டும் என்று கட்டாயப்படுத்துகிற வரிதான் முக்கியம். கடன் பத்திரத்தில் தவணை தேதி மாதிரி, அது இல்லாவிட்டால் மற்றதெல்லாம் நல்லெண்ணம் மட்டுமே.

நீங்கள் எந்த நாட்டில் இருந்தாலும் மெஷின் வாங்கும்போது இரண்டு கேள்வி கேளுங்கள். கதவு சீல் தனியாகக் கிடைக்குமா? எத்தனை வருஷத்துக்கு? விற்பவர் விழித்தால் அடுத்த பிராண்டைப் பாருங்கள்.

அப்புறம், ஊருக்குப் போகிறவர்களிடம் கொடுத்தனுப்பும் பட்டியலில் 'குக்கர் கேஸ்கட் – 2' என்று மொட்டையாக எழுதாதீர்கள். பிராண்ட், எத்தனை லிட்டர், மூடி உள்பக்கமா வெளிப்பக்கமா மூன்றையும் எழுதுங்கள். தப்பான அளவு வந்தால் அடுத்த ஆள் ஊருக்குப் போகும் வரை பருப்பு வேகாது.